செங்கல்பட்டு ஜில்லாவின் வடகோடி

ராயபுரமும் திருவொற்றியூரும் ஒரே கடலோரத்தில் சில மைல் இடைவெளியில் அமைந்த ஊர்களாயினும், நெடுங்காலம் அவை வெவ்வேறு நிர்வாகங்களின் கீழ் இருந்தன. ராயபுரம் சென்னை நகரத்தைச் சேர்ந்தது. அந்நகருக்கு 1688-லேயே மாநகராட்சி ஏற்பட்டுவிட்டது. திருவொற்றியூரும் கத்திவாக்கமும் 1708-இல் நவாப் தாவூத்கான் வழியாகக் கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கிடைத்த ஐந்து கிராமங்களுள் அடங்கியவையாயினும், பிற்காலத்தில் செங்கல்பட்டு ஜில்லாவிலேயே வைக்கப்பட்டன. அந்த ஜில்லா உருவானதோ, 1763-இல் ஆற்காட்டு நவாப் முகமது அலி கம்பெனிக்கு அளித்த ஜாகீரிலிருந்து, அதாவது வரி வசூலிக்கும் உரிமையோடு விடப்பட்ட நிலப்பரப்பிலிருந்து. எனவே அதன் எல்லை நிலவரிக் கணக்கு வகுத்த எல்லையே அன்றி, மக்கள் போக்குவரத்தையும் தொழிலையும் பார்த்து வகுத்ததன்று.

1884-ஆம் ஆண்டுச் சட்டத்தால் சாலை, மருந்தகம், பள்ளி ஆகியவற்றைக் கவனிக்கும் ஜில்லா போர்டும் அதன் கீழ்த் தாலுகா போர்டுகளும் தோன்றின. 1958-ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பின் அப்பொறுப்புகள் ஊராட்சி ஒன்றியங்களுக்குச் சென்றன. ஜில்லாவின் கலெக்டர் கச்சேரி 1859 முதல் 1968 வரை சைதாப்பேட்டையில் இயங்கியது. அவ்வூர் நகரத்தோடு சேர்க்கப்பட்ட பின்னரும் அங்கேயே நீடித்தமையால், கலெக்டர் தம் ஜில்லாவுக்கு வெளியே அமர்ந்து அதனை ஆண்டார் என்பது சற்றே வேடிக்கைதான்.

1948-இல் எண்ணூரில் அசோக் மோட்டார்ஸும் (பின்னாளில் அசோக் லேலண்ட்), 1955-இல் திருவொற்றியூரில் என்ஃபீல்டு மோட்டார் சைக்கிள் தயாரிப்பும் தொடங்கிய பின், நகருக்கும் ஜில்லாவுக்கும் இடையிலான எல்லை வருவாய்க்கும் எல்லையாயிற்று. துறைமுகமும் அதைச் சார்ந்த பண்டகசாலைகளும் மாநகராட்சிக்குள் இருக்க, புதிய ஆலைகள் எல்லைக்கு அப்பால் எழுந்தன; அவற்றின் சொத்துவரி, பின்னாளில் நகராட்சிகளான திருவொற்றியூருக்கும் கத்திவாக்கத்துக்கும் உரியதாயிற்று.

1997 ஜூலை 1-இல் ஜில்லா காஞ்சிபுரம், திருவள்ளூர் என இரண்டாகப் பிரிந்தபோது, இக்கடலோர ஊர்கள் அடங்கிய மாவட்டத்துக்கு, அவற்றிற்கு மேற்கே உள்நாட்டில் இருந்த திருவள்ளூர் தலைநகராயிற்று. 2011-இல் இரு நகராட்சிகளும் சென்னை மாநகராட்சியில் இணைந்தன; ஆனால் வருவாய்த் துறையின் எல்லை உடன் நகரவில்லை. ஆகவே ஒரே வீட்டுக்குச் சொத்துவரி சென்னைக்கும், பட்டா தொடர்பான மேல்முறையீடு திருவள்ளூர் மாவட்ட நிர்வாகத்துக்கும் போகவேண்டிய நிலை, 2018-இல் திருவொற்றியூர் வட்டம் சென்னை மாவட்டத்தில் சேர்க்கப்படும் வரை நீடித்தது. மறு ஆண்டு செங்கல்பட்டு என்ற பெயரில் மீண்டும் ஒரு மாவட்டம் அமைந்தது. ஆனால் அது காஞ்சிபுரம் மாவட்டத்திலிருந்து பிரித்தெடுத்த பகுதி மட்டுமே.