எழுத்தறியாதவராய் வாழ்ந்த கவிஞர்

கற்றோருக்குச் சென்ற இடமெல்லாம் சிறப்பு என்பர். ஆனால், கற்றவர் என்பதே மரணதண்டனைக்குப் போதுமான குற்றமாகக் கருதப்பட்ட நாடு ஒன்று நம் காலத்திலேயே இருந்தது. 1975 ஏப்ரல் 17 அன்று கம்போடியத் தலைநகர் புனோம் பென்னைக் கைப்பற்றிய கெமர் ரூஜ் படையினர், நகர மக்கள் அனைவரையும் கிராமங்களுக்கு விரட்டினர். பள்ளிகள் மூடப்பட்டன, பணம் ஒழிக்கப்பட்டது, ஆசிரியர், மருத்துவர், துறவியர் எனப் பலரும் தேடித்தேடிக் கொல்லப்பட்டனர். 1979 ஜனவரியில் அவ்வாட்சி வீழ்வதற்குள் ஏறத்தாழ 17 இலட்சம் பேர் மடிந்தனர் என்பது பொதுவான மதிப்பீடு. அந்த இருளைக் கடந்து வந்தவர்களுள் ஒருவர் கவிஞர் ஊ சாம் ஓர்.

1936ஆம் ஆண்டு சுவாய் ரியெங் மாநிலத்தில் ஓர் உழவர் குடும்பத்தில் பிறந்தவர் அவர். தொழிற்கல்வி பயில அமெரிக்கா சென்றவரைக் கவிதை ஈர்த்துக்கொண்டது. அயோவா பல்கலைக்கழகத்தின் புகழ்பெற்ற எழுத்தாளர் பயிலரங்கில் பயின்று, 1968இல் முதுகலைப் பட்டம் பெற்றுத் தாயகம் திரும்பினார். லொன் நோல் ஆட்சிக் காலத்தில் தேசிய சட்டமன்ற உறுப்பினராகவும் பணியாற்றினார்.

இத்தகைய ஒருவருக்குக் கெமர் ரூஜ் ஆட்சியில் உயிர்பிழைக்க ஒரே வழிதான் இருந்தது. தம் கையெழுத்துப் படிகளை அழித்தார். எழுதப் படிக்கத் தெரியாதவர் போல் நடித்தார். மனைவியோடும் மகனோடும் அடுத்தடுத்து ஆறு முகாம்களில் அடிமைபோல் உழைத்தார். ஒரு முகாமில் அவர் மனைவி இரட்டைப் பெண் குழந்தைகளைப் பெற்றெடுத்தார். அக்குழந்தைகள் பிறந்தவுடனேயே கொல்லப்பட்டன. தந்தை வாய்விட்டு அழவும் துணியவில்லை. பின்னாளில் அந்த இழப்பே அவருடைய மிக உருக்கமான கவிதைகளுள் ஒன்றாயிற்று.

இங்கே நாம் சற்று நின்று சிந்திக்க வேண்டும். கவிஞனுக்கு மௌனம் ஒருவகை மரணம் என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். இவர் வாழ்விலோ மௌனமே உயிரைக் காத்தது. கோழைத்தனம் என்று அதனை இகழ நமக்கு உரிமையில்லை. அன்று அவர் பேசியிருந்தால், அந்தக் குழந்தைகளுக்காகப் பின்னர் பேசுவதற்கு எவர் இருந்திருப்பார்? விதைநெல்லைப் பஞ்சத்திலும் உண்ணாது ஒளித்து வைக்கும் உழவனைப்போல, அவர் சொற்களை நெஞ்சுக்குள் காத்து வைத்தார்.

1979க்குப் பின் அமைந்த ஆட்சியில் தொழில்துறை அமைச்சகத்தில் அவருக்கு வேலை கிடைத்தது. எனினும், மக்களாட்சியை விரும்பி அவர் எழுதிய கவிதை ஒன்று கண்டெடுக்கப்பட்டதால் பதவி விலக வேண்டியதாயிற்று. கொடுங்கோலர் வீழ்ந்த பின்னரும் கவிதைக்கு அஞ்சும் அரசு இருந்தது. பழைய நண்பரும் அமெரிக்கக் கவிஞருமான கென் மெக்கல்லோவின் முயற்சி துணைநிற்க, 1992இல் அவர் மீண்டும் அயோவா சென்றார். இளைஞராய்க் கல்வி தேடிச் சென்ற ஊருக்கு, ஐம்பது வயதைக் கடந்து புகலிடம் தேடிச் சென்றார்.

1998இல் கெமர் மொழியிலும் ஆங்கிலத்திலுமாக, 'புனித வாக்குறுதிகள்' என்று பொருள்படும் கவிதைத் தொகுப்பு வெளிவந்தது. 2005இல் அவருடைய தன்வரலாறு வெளியாயிற்று. கொலை, நோய், பட்டினி என்னும் மூவகைச் சாவுகளையே 'மூன்று வனாந்தரங்கள்' என அந்நூலின் பெயர் சுட்டுகிறது. தம் கவிதைகளைக் கெமர் மரபுப்படி இசைத்துப் பாடுவது அவர் வழக்கம். ஏடுகள் எரிந்தாலும் பண் எரிவதில்லை அல்லவா? வால்ட் விட்மனின் கவிதைகளைக் கெமர் மொழியில் பெயர்க்கும் பணியையும் அவர் மேற்கொண்டார். தம்மைத் துரத்திய நாட்டிற்கும் அவர் கொடையே அளிக்க விழைந்தார்.

கெமர் எழுத்து பல்லவர் காலத்து எழுத்திலிருந்து கிளைத்தது என்பர் அறிஞர். அவ்வகையில் அவரது எழுத்து நமக்கு முற்றிலும் அயலானதன்று. ஒரு மக்களினத்தை அழிக்க எண்ணுவோர் முதலில் அதன் நினைவை அழிக்க முனைகின்றனர். எழுதத் தெரியாதவர் என நடித்து உயிர்தப்பிய ஒருவர், அந்த நினைவை எழுத்தில் மீட்டுக் கொடுத்திருக்கிறார். அச்சமின்றி எழுதவும் படிக்கவும் வாய்த்திருக்கும் நாம், அந்த உரிமையை எதற்குப் பயன்படுத்துகிறோம் என்பதே நம்முன் எஞ்சி நிற்கும் கேள்வி.