பத்து நாள் ஒப்பந்தக்காரர்: கெவின் ஆலி

கூடைப்பந்து என்றதும் நம் பசங்களுக்கு ஞாபகம் வருவது ஜோர்டான், கோபி, லெப்ரான், கர்ரி. எல்லாரும் ஹாஸ்டல் சுவரில் போஸ்டராக ஒட்டப்படுகிறவர்கள். நான் எழுதப்போகிறவருக்கு யாரும் போஸ்டர் ஒட்டியிருக்க மாட்டார்கள். பெயர் கெவின் ஆலி. அமெரிக்காவின் என்.பி.ஏ. போட்டிகளில் 13 சீசன்கள், 662 ஆட்டங்கள். ஒரு ஆட்டத்துக்குச் சராசரி 3.8 புள்ளிகள். அதாவது முழுசாக இரண்டு கூடை கூடக் கிடையாது! இந்த லட்சணத்தில் 11 நிறுவனங்கள் அவருக்குச் சம்பளம் கொடுத்திருக்கின்றன.

ஏன் கொடுத்தார்கள்? பி.காம். படிப்பவனுக்கு முதலில் எழும் கேள்வி இதுதானே.

ஆலி 1972 டிசம்பரில் டல்லஸில் பிறந்து, லாஸ் ஏஞ்சல்ஸில் வளர்ந்தவர். கிரென்ஷா உயர்நிலைப் பள்ளியில் ஆடிவிட்டு, நாட்டின் மறு கோடியில் இருக்கும் கனெக்டிகட் பல்கலைக்கழகத்துக்குப் போனார். அங்கே ஜிம் கால்ஹூன் என்ற கண்டிப்பான பயிற்சியாளர். ஆலி பாயிண்ட் கார்ட். பந்தை மேலே கொண்டுவந்து, யார் எங்கே நிற்க வேண்டும் என்று பார்த்து, சரியான ஆளிடம் கொடுக்கிற வேலை. கூடை போடுகிறவன் பெயர்தான் பேப்பரில் வரும், கொடுத்தவன் பெயர் வராது.

அவருடன் ஆடிய டோன்யெல் மார்ஷலை 1994-ல் என்.பி.ஏ. அணிகள் நான்காவது ஆளாகத் தேர்ந்தெடுத்தன. ரே ஆலன் 1996-ல் ஐந்தாவது ஆள். நடுவில் 1995-ல் ஆலியின் முறை. அந்த வருடம் 58 பெயர்கள் வாசிக்கப்பட்டன. ஆலியின் பெயர் அதில் இல்லை.

இந்த இடத்தில் பலர் வேறு வேலை தேடிப் போய்விடுவார்கள். ஆலி சி.பி.ஏ. என்ற இரண்டாம் தர லீகில் கனெக்டிகட் ப்ரைட் அணிக்கு ஆடினார். கூட்டமும் குறைவு, காசும் குறைவு. இரண்டு வருடம் தாக்குப்பிடித்தார். 1997-ல் டல்லஸ் மாவெரிக்ஸ் அழைத்தது. அதே சீசனில் அங்கிருந்து ஆர்லாண்டோ.

இங்கே அந்தப் பத்து நாள் ஒப்பந்தத்தைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். என்.பி.ஏ.வில் ஜனவரி தொடங்கியதும் ஒரு அணி ஒரு ஆளைப் பத்து நாளைக்கு மட்டும் எடுக்கலாம். பத்து நாளுக்குள் மூன்று ஆட்டம் இல்லையென்றால் மூன்றாவது ஆட்டம் வரை நீளும். முடிந்ததும் அதே அணி இன்னொரு பத்து நாள் தரலாம். அதற்கு மேல் இழுக்க முடியாது. மீதி சீசன் முழுக்க வைத்துக்கொள்ள வேண்டும், அல்லது "போய் வாப்பா" என்று அனுப்பிவிட வேண்டும். நம் ஊர் கடைகளில் தீபாவளிக்கு மட்டும் ஆள் எடுப்பார்களே, அது மாதிரி. யாருக்காவது கால் பிசகினால் இவருக்கு வேலை. அந்தக் கால் சரியானால் இவர் பெட்டி கட்ட வேண்டும்.

ஆலி இந்த வகை ஒப்பந்தங்களில் பலமுறை கையெழுத்துப் போட்டவர். பத்து நாளில் ஒருவன் என்ன செய்வான்? பெரும்பாலும் தன்னைக் காட்டிக்கொள்ளத்தான் பார்ப்பான். கிடைத்த பந்தையெல்லாம் கூடைக்கு எறிவான். ஆலி செய்தது நேர் எதிர். போன இடத்தில் ஆட்டத் திட்டத்தைச் சீக்கிரம் மனப்பாடம் செய்தார். பந்தைத் தொலைக்காமல் பார்த்துக்கொண்டார். எதிரணியின் பாயிண்ட் கார்டை ஒட்டிக்கொண்டு தொல்லை கொடுத்தார். நான்காவது நாளே நான்கு வருடம் இருந்தவர் மாதிரி நடந்துகொள்கிறவனை அனுப்ப மேலாளருக்கு மனசு வராது. என் கணிப்பு, அவர் பிழைத்தது இதனால்தான்.

பிறகு சாக்ரமென்டோ, நியூ ஜெர்சி நெட்ஸ், ஃபிலடெல்ஃபியா, சிகாகோ... ஃபிலடெல்ஃபியாவில் ஆலன் ஐவர்சனுக்கு மாற்று ஆள். அந்த அணி 2001 இறுதிச் சுற்று வரை போய் லேக்கர்ஸிடம் 4-1 என்று தோற்றது. 2002 பிப்ரவரியில் சிகாகோ அவரை ரான் ஆர்டெஸ்ட், பிராட் மில்லர் ஆகியோருடன் சேர்த்து இண்டியானாவுக்கு மாற்றியது. சரியாக ஒரு வருடம் கழித்து, 2003 பிப்ரவரியில், மில்வாக்கி அவரை ரே ஆலனோடு சேர்த்து சியாட்டிலுக்கு அனுப்பியது. எதிர்ப்பக்கம் கேரி பேட்டன். செய்தித் தலைப்புகள் ஆலன்-பேட்டன் என்று வந்தன. கல்லூரியில் தோளோடு தோள் நின்ற இரண்டு பேரில் ஒருவர் தலைப்பு, மற்றவர் கணக்கு சரிக்கட்ட வைத்த சில்லறை! அந்தக் கோடையில்தான் க்ளீவ்லேண்ட் அவருக்கு முதல்முறையாக நீண்ட ஒப்பந்தம் கொடுத்தது. லெப்ரானின் முதல் வருடம் அது. அதுவும் ஒரு வருடம்தான். மறுபடி ஃபிலடெல்ஃபியாவுக்குக் கைமாற்றினார்கள்.

இத்தனை ஊர் சுற்றியதில் அவருக்குக் கிடைத்த பயிற்சியாளர்களைப் பாருங்கள். சக் டேலி, ரிக் அடெல்மன், லாரி பிரவுன், ஐசையா தாமஸ், ஜார்ஜ் கார்ல், நேட் மெக்மிலன், பால் சைலஸ். ஒவ்வொருவருக்கும் ஒரு பாணி. நட்சத்திர ஆட்டக்காரன் ஒரே ஊரில் பத்து வருடம் இருந்து ஒன்றிரண்டு பேரிடம் கற்றுக்கொள்வான். ஆலி பத்து வாத்தியார்களிடம் பாடம் கேட்டவர், அதுவும் பெஞ்சில் உட்கார்ந்து, எல்லாம் தெரிகிற இடத்தில். ஊர் ஊராக அலைந்த ஆட்டக்காரர்கள் பலர் பிற்பாடு பயிற்சியாளராவது ஆச்சரியமே இல்லை என்பேன்.

கடைசியாக ஓக்லஹோமா சிட்டி, 2009-10. வயது 37-ஐத் தொடுகிறது. ஆடிய ஆட்டங்கள் கொஞ்சம். அணியோ சின்னப் பசங்களின் கூட்டம்: கெவின் டுரன்ட், ரசல் வெஸ்ட்புரூக், புதுசாக வந்த ஜேம்ஸ் ஹார்டன். முந்தைய சீசனில் 82 ஆட்டத்தில் 23 வெற்றி பெற்ற அணி அந்த வருடம் 50 ஜெயித்தது. ஆலியால்தான் என்று சொன்னால் பொய். பசங்கள் திறமைசாலிகள், வளர்ந்தார்கள். ஆனால் அந்த அணி பழகும் விதத்தையே மாற்றியவர் ஆலி என்ற அர்த்தத்தில் டுரன்ட் பிற்பாடு ஒரு பேட்டியில் சொன்னார். தினமும் முதல் ஆளாக வந்து உடம்பைத் தயார் செய்கிற 37 வயதுக்காரனைப் பார்த்தால் 21 வயதுக்காரனுக்குப் படுத்துக் கிடக்க வெட்கமாகத்தானே இருக்கும்?

அக்கவுண்டன்சியில் குட்வில் படித்தோமே. தானாக உண்டான குட்வில்லைப் புத்தகத்தில் எழுதக் கூடாது, காசு கொடுத்து வாங்கினால்தான் எழுதலாம். 3.8 என்ற எண்ணைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்தப் பாடம்தான் ஞாபகம் வருகிறது.

2010-ல் ஆட்டத்தை விட்டார். உடனே கால்ஹூன் தன் பழைய மாணவனைக் கனெக்டிகட்டில் துணைப் பயிற்சியாளராக்கினார். இரண்டு வருடம். 2012 செப்டம்பரில் கால்ஹூன் ஓய்வு பெற, ஆலி தலைமைப் பயிற்சியாளர். ஒப்பந்தம் எத்தனை நாள் தெரியுமா? சுமார் ஏழு மாதம்! பத்து நாளைவிடப் பரவாயில்லை :-) அந்த வருடம் மாணவர்களின் படிப்பு மதிப்பெண் குறைபாட்டுக்காக அணிக்கு 2013 தேசியப் போட்டியில் ஆடத் தடை வேறு. ஜெயித்தாலும் எங்கும் போக முடியாது என்று தெரிந்தே அந்தப் பசங்கள் ஆடினார்கள். 20 வெற்றி, 10 தோல்வி. டிசம்பரிலேயே பல்கலைக்கழகம் நீண்ட ஒப்பந்தம் கொடுத்துவிட்டது.

2014 மார்ச்சில் இதே அணி லூயிவில்லிடம் 81-48 என்று உதை வாங்கியது. 33 புள்ளி வித்தியாசம். தேசியப் போட்டியில் தங்கள் பிரிவில் ஏழாவது தரவரிசை. முதல் ஆட்டத்திலேயே செயின்ட் ஜோசப்ஸிடம் தோற்கப் பார்த்து, கூடுதல் நேரத்தில் தப்பியது. அப்புறம் வில்லனோவா, அயோவா ஸ்டேட், மிச்சிகன் ஸ்டேட், தொடர்ந்து 30 ஆட்டம் ஜெயித்து வந்த ஃபிளாரிடா. ஏப்ரல் 7 இறுதி ஆட்டத்தில் கென்டக்கியை 60-54. அதற்கு முன் ஏழாவது தரவரிசை அணி எதுவும் கோப்பை வென்றதில்லை. நாயகன் ஷபாஸ் நேப்பியர், சந்தேகமில்லை. ஆனால் எனக்குப் பிடித்த கணக்கு வேறு. இலவச எறிதலில் கனெக்டிகட் 10-க்கு 10. கென்டக்கி 24-க்கு 13. யாரும் தடுக்காத அந்த எறிதல், வெறும் பயிற்சியின் கணக்கு. எஸ்கலேட்டர் வேண்டாம், படி ஏறி வா என்று பசங்களிடம் ஓயாமல் சொன்ன பயிற்சியாளரின் அணி இப்படித்தான் எறியும். மைதானம் இருந்தது டல்லஸ் பக்கத்து ஆர்லிங்டனில். அவர் பிறந்ததும், என்.பி.ஏ.வில் முதன்முதலாக நுழைந்ததும் அந்தப் பகுதியில்தான்.

கதை அங்கே முடிந்திருந்தால் சினிமா. முடியவில்லை. 2016-17-ல் 16 வெற்றி, 17 தோல்வி. அடுத்த வருடம் 14-18. 2018 மார்ச்சில் வேலையை விட்டு நீக்கினார்கள். ஒப்பந்தத்தில் மீதி ஒரு கோடி டாலருக்கு மேல். "தகுந்த காரணத்துக்காக" நீக்குகிறோம், எனவே அந்தப் பணம் கிடையாது என்றது பல்கலைக்கழகம். காரணம், என்.சி.ஏ.ஏ. விதி மீறல்கள். அவை நடக்கவில்லை என்று சொல்வதற்கில்லை. 2019-ல் என்.சி.ஏ.ஏ. அவருக்கு மூன்று வருடக் கட்டுப்பாடு விதித்தது. விசாரணையில் உண்மை சொல்லவில்லை என்பதும் குற்றச்சாட்டில் சேர்த்தி. இதில் அவரை நான் முழுசாக நியாயப்படுத்த மாட்டேன்.

ஆனால் ஒப்பந்தம் வேறு விஷயம். கனெக்டிகட்டின் பயிற்சியாளர்கள் பேராசிரியர் சங்கத்தின் கூட்டு ஒப்பந்தத்துக்குள் வருகிறவர்கள். அதன்படி நீக்க வேண்டுமானால் கடுமையான தவறு நிரூபிக்கப்பட வேண்டும். தனி ஒப்பந்தமே செல்லும் என்றது பல்கலைக்கழகம், சங்க ஒப்பந்தமே செல்லும் என்றார் ஆலி. கிட்டத்தட்ட நான்கு வருடம் இழுத்த வழக்கில் 2022 ஜனவரியில் நடுவர் ஆலி பக்கம் தீர்ப்பளித்தார். 1 கோடியே 11 லட்சம் டாலருக்கு மேல் கொடுக்கச் சொன்னார். அதே வருடம் செப்டம்பரில் சமரசமாக இன்னொரு 39 லட்சம் டாலர். ஆட்ட நாட்களில் பத்து பத்து நாளாக வேலை பார்த்து, மறுபேச்சில்லாமல் பெட்டி கட்டிய மனிதர், இந்த ஒருமுறை மட்டும் கட்டவில்லை. தோற்றதற்காக நீக்குகிறோம் என்று வெளிப்படையாகச் சொல்லிப் பணத்தைக் கொடுத்திருந்தால் எல்லாருக்குமே மரியாதையாக முடிந்திருக்கும் என்று தோன்றுகிறது.

இடையில் ஓவர்டைம் எலீட் என்ற இளைஞர் லீகில் பயிற்சி கொடுத்தார். 2023-ல் நெட்ஸ் அவரைத் துணைப் பயிற்சியாளராக எடுத்தது. அவர் முன்பு ஆடிய அதே நிறுவனம்தான், இப்போது புரூக்ளினில். தலைமைப் பயிற்சியாளர் ஜாக் வானும் ஊர் ஊராக அலைந்த பழைய பாயிண்ட் கார்ட். 2024 பிப்ரவரியில் வானை நீக்கிவிட்டு, மீதி 28 ஆட்டங்களுக்கு ஆலியைத் தற்காலிகப் பொறுப்பில் போட்டார்கள். 11 வெற்றி, 17 தோல்வி. அந்த ஏப்ரலில் கனெக்டிகட், ஆலிக்குப் பின் வந்த டான் ஹர்லியின் கீழ் தொடர்ந்து இரண்டாவது முறையாகக் கோப்பை வென்றது. அதே மாதம் நெட்ஸ் ஜோர்டி ஃபெர்னாண்டஸ் என்பவரைத் தலைமைப் பயிற்சியாளராக அறிவித்தது. ஆலியின் தற்காலிக வேலை, கணக்குப் பார்த்தால், இரண்டு மாதம் கூட முழுசாக இல்லை.