கைம்பெண்டிர் சொத்துரிமையும் ஆலய தருமமும்

திருத்தணிகையில் குன்றின்மேல் முருகப்பெருமான் திருக்கோயில் விளங்குவதேயன்றி, ஊரகத்தே வீரட்டானேசுவரர் கற்றளியும் உண்டு. அபராஜித பல்லவன் காலத்தில் நம்பி அப்பி என்பார் அதனை எடுப்பித்தமை கல்வெட்டாற் போதரும். இத்தகைய அறங்களுக்கெல்லாம் அடிப்படை ஒன்றே: கொடுக்கும் பொருள் கொடுப்பவர்க்கு உரியதாதல் வேண்டும். கணவனை இழந்த மாதர் கையிலுள்ள நிலம் அவர்க்கே உரியதோ என்பது நெடுங்காலம் வழக்கிலிருந்த வினாவாகும்.

கண்டராதித்தர் தேவியார் செம்பியன் மாதேவியார், கணவனார் மறைந்தபின் கோனேரிராசபுரம் முதலிய தலங்களிற் கற்றளிகள் எடுப்பித்து நிபந்தங்களும் அளித்தார். அரசியார் நிலை அது. ஏனைக் குடிப்பெண்டிர் நிலை வேறு.

மகனில்லாதான் சொத்துக்கு மனைவியை முதல் உரிமையாளராக யாஞ்ஞவல்கியர் கூறினார். மிதாக்ஷரம் இயற்றிய விஞ்ஞானேசுவரர், பாகம் பிரிந்தான் மனைவிக்கே அதனை வரையறுத்தாரெனினும், தாயமாக வந்த பொருளையும் ஸ்திரீதனத்துள் அடக்கினார். ஆங்கிலேயர் கால நீதிமன்றங்கள் அவ்வுரையை ஏற்றில. மசூலிப்பட்டணம் கலெக்டர் வழக்கில் 1861 இல் பிரிவி கௌன்சில், பின்வாரிசு ஒருவரும் இல்லாதவிடத்தும் கைம்பெண் தக்க காரணமின்றிச் சொத்தைப் பராதீனஞ் செய்தல் ஆகாது என்றும், அதனை அரசே மறுக்கலாம் என்றும் தீர்த்தது. பூரி ஜகந்நாதர் நைவேத்தியத்துக்கு ஒரு கைம்பெண் அளித்த கொடையை 1922 இல் அக்கௌன்சிலே ஒப்புக்கொண்டது. எனினும் ஒப்பியதற்குக் காரணம், கணவனது ஆன்ம நலங் கருதிச் சொத்தின் சிறு பகுதியே கொடுக்கப்பட்டமையாம். அவ்வம்மையின் பக்தி அங்கே கணக்கில் வைக்கப்பட்டிலது என்பதை அன்பர்கள் உய்த்துணர்க.

நிற்க. 1937 ஆம் ஆண்டுச் சட்டம் கைம்பெண்ணுக்கு மகனோடொத்த பங்கை அளித்தது. பாகம் பிரியாக் குடும்பத்திலும் கணவன் பாகத்தை அவட்கு ஆக்கிற்று. ஆயினும் அஃது ஆயுட்கால உரிமையேயாம். மாகாணங்களின் விளைநிலங்களுக்கு அச்சட்டம் செல்லாதென 1941 இல் கூட்டாட்சி நீதிமன்றம் கூறியதால், சென்னை மாகாணம் 1947 இல் தனிச்சட்டம் செய்து அக்குறை நீக்கிற்று. அக்காலத்துத் திருத்தணி அம்மாகாணத்துச் சித்தூர் ஜில்லாவைச் சார்ந்திருந்தது.

1956 ஜூன் 17 இல் வந்த இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 14 ஆம் பிரிவே முழுவிடுதலை நல்கிற்று. முன்னரோ பின்னரோ எவ்வாறு எய்தினும், பெண் தன் உடைமையிற் கொண்ட சொத்துக்கு அவளே முழு உரிமையாட்டி என்பது அதன் கருத்து. கொடையாவணம், உயில், தீர்ப்பு முதலியன குறுகிய உரிமையையே புதிதாய் வழங்கின், அது விலக்காம். ஜீவனாம்சத்துக்காகக் கொடுத்த சொத்து அவ்விலக்கிற் படாதென, ஆந்திர நாட்டுத் துளசம்மா வழக்கில் 1977 இல் உச்ச நீதிமன்றம் தெளிவித்தது.

அச்சட்டம் வந்தபோது ஆந்திரத்திலிருந்த திருத்தணி, 1960 ஏப்பிரல் முதல் நாளில் சென்னை இராச்சியத்தோடு இணைந்தது. எல்லை மாறியும் இவ்வுரிமை மாறிற்றிலது. இருமருங்கும் சட்டம் ஒன்றே.

ஆலய தருமம் நடத்துவோர் ஈண்டொன்று அறிதல் வேண்டும். 1956 க்கு முன்னரே கைவிட்டுப் போன நிலத்துக்குப் புதுச்சட்டம் உயிர்கொடாது. அக்கொடை பழைய விதியாலேயே ஆராயப்படும். இந்நாளிலோ, தான விநிமய விக்கிரயங்கட்குரிய சர்வ சுதந்திரமும் உடைய அம்மையொருத்தி ஒரு திருவிளக்குக்கு நிலம் விடின், அதனைக் கணவன் நலங் கருதியதோ, சிறுபகுதியோ என்று எடைபோடுதல் வேண்டா. அவ்வறம் அவளுடையதேயாம்.