பொருளறியாப் பாட்டா? மேற்குலகம் நாமசங்கீர்த்தனம் கற்ற வரலாறு

மேற்கத்தியர் பஜனை பாடும் காணொளிகள் பரவும்போதெல்லாம் இருவகை எதிர்வினைகள் எழுகின்றன. ஒன்று பெருமிதம், மற்றொன்று, பொருளறியாமல் கிளிப்பிள்ளைபோல் பாடுகிறார்கள் என்னும் எள்ளல். அப்பாடல்கள் அங்கே எவ்வாறு கற்பிக்கப்பட்டன என்பதை இரண்டுமே கேட்பதில்லை. இருபதாம் நூற்றாண்டு அமெரிக்காவில் இதற்கு இரு வேறு வழிகள் கையாளப்பட்டன.

முதலாவது மொழிபெயர்ப்பு வழி. 1920இல் பாஸ்டன் வந்திறங்கிய பரமஹம்ச யோகானந்தர், 1926 ஏப்ரல் 18 அன்று நியூயார்க்கின் கார்னகி அரங்கில், குருநானக்குடையது எனக் கருதப்படும் பாடலொன்றின் ஆங்கில வடிவைக் கூட்டத்தினரைப் பாடச் செய்தார். ஏறத்தாழ மூவாயிரம் பேர் ஒரு மணி நேரத்துக்கும் மேலாகப் பாடினர் என்பது அவரே தரும் செய்தி. பின்னர் 1938இல் இத்தகைய பாடல்களை நூலாகவும் வெளியிட்டார். பொருள் கேட்போரை உடனே சென்றடைந்தது. மூலத்தின் ஒலி பின்தங்கியது.

இரண்டாவது, ஒலியைக் காக்கும் வழி. 1965இல் ஜலதூதா என்னும் சரக்குக் கப்பலில் அமெரிக்கா சென்ற பக்திவேதாந்த சுவாமி பிரபுபாதருக்கு அப்போது வயது 69. மறு ஆண்டு அவர் நியூயார்க்கில் இஸ்கான் அமைப்பைப் பதிவு செய்தார். அக்டோபரில் டாம்ப்கின்ஸ் சதுக்கப் பூங்காவின் மரத்தடியில் கீர்த்தனம் நடத்தினார். மூன்றே பெயர்கள் மாறிமாறி வரும் பதினாறு சொற்களாலானது ஹரே கிருஷ்ண மகாமந்திரம். ஒருவர் பாட மற்றவர் திருப்பிப் பாடும் முறையில் அதைக் கற்க எழுத்தறிவும் தேவையில்லை. நீண்ட சுலோகங்களுக்கோ அவர் நூல்களில் மூலம், உரோம எழுத்துப் பெயர்ப்பு, பதவுரை, மொழிபெயர்ப்பு, விளக்கம் என்னும் அடுக்குமுறையைக் கையாண்டார். அந்த எழுத்துப்பெயர்ப்பு முறையின் வேர், 1894இல் ஜெனீவாவில் கூடிய கீழைத்தேயவியலாளர் மாநாட்டில் உள்ளது. ஆய்வாளருக்காக உருவான குறியீடு பக்தரின் பாடப்புத்தகமாயிற்று.

பொருளறியாமல் பாடுவது போலியெனின், முதலில் குற்றவாளிக் கூண்டில் ஏற வேண்டியவர்கள் நம் காவிரிக் கரையினர். போதேந்திரர், ஸ்ரீதர ஐயாவாள் வழிவந்து மருதாநல்லூர் சத்குரு சுவாமிகளால் ஒழுங்கமைக்கப்பட்ட சம்பிரதாய பஜனையில் ஜயதேவரின் சமஸ்கிருத அஷ்டபதி, தெலுங்குக் கீர்த்தனை, புரந்தரதாசரின் கன்னடப் பதம், மராத்தி அபங்கம், மீராவின் பஜன் ஆகியன வரிசையாக இடம்பெறும். தஞ்சையில் மராட்டியர் ஆட்சி மறைந்த பின்னும் அபங்கம் மறையவில்லை. கூடிப் பாடியோர் அனைவரும் இம்மொழிகளைக் கற்றவரல்லர். முன்பாட்டைக் கேட்டுப் பின்பாட்டுப் பாடினர். சென்னை நகரின் ராதாகிருஷ்ண பஜனைகள் குறித்து அமெரிக்க மானிடவியலாளர் மில்டன் சிங்கர் எழுதிய கட்டுரை, அவரே பதிப்பித்த தொகுப்பில் 1966இல் வெளிவந்தது. நியூயார்க் பூங்காவில் கீர்த்தனம் ஒலித்ததும் அதே ஆண்டில்தான்.

ஆயினும் இரண்டையும் முற்றும் ஒன்றெனக் கொள்வது பிழை. அபங்கத்தின் சொல் புரியாத தஞ்சைக்காரருக்குப் பாண்டுரங்கனின் கதை தெரியும்; ஏகாதசி தெரியும்; பஜனை மடத்தில் எப்போது எழ வேண்டும், எப்போது அமர வேண்டும் என்பதும் தெரியும். அமெரிக்க இளைஞருக்கு இவற்றில் எதுவும் தெரியாது. அவர் கற்க வேண்டியிருந்தது மொழியை மட்டுமன்று, பாடலைத் தாங்கும் வாழ்முறையையும். விடியற்காலை ஆரத்தி, பிரசாதம், உரைநூல் என்று பிரபுபாதர் கட்டியெழுப்பியது இந்தச் சூழலையே. பின்னாளில் யோகப் பயிற்சிக் கூடங்களின் வழியே பரவிய கீர்த்தனம் பாடலை எடுத்துக்கொண்டது. சூழலைக் கேட்போரின் விருப்பத்துக்கு விட்டுவிட்டது. அந்த மரபைச் சேர்ந்த கிருஷ்ண தாஸ் 2013இல் கிராமி விருது விழாவிலேயே பாடினார். ஆராயப்பட வேண்டிய வேறுபாடு இங்கேதான் உள்ளது.

பாடல் சென்ற பாதையும் ஒருவழிப் பாதையன்று. இலண்டனில் ஜார்ஜ் ஹாரிசன் தயாரிப்பில் பதிவாகி 1970இல் வெளிவந்த ‘கோவிந்தா’ இசைத்தட்டில் தலைமைக் குரல் யமுனா தேவி என்னும் அமெரிக்கப் பெண்மணியுடையது. அதன் சுலோகங்கள் பிரம்ம சம்ஹிதையின் ஐந்தாம் அத்தியாயத்தைச் சேர்ந்தவை. அந்த அத்தியாயத்தின் சுவடியைச் சைதன்யர் தம் தென்னாட்டு யாத்திரையில் ஆதிகேசவர் கோயிலொன்றில் கண்டெடுத்து உடன் கொண்டு சென்றார் என்கிறது சைதன்ய சரிதாமிருதம். அக்கோயில் நம்மாழ்வார் பாடிய திருவட்டாறு என்பது பொதுவாக ஏற்கப்பட்ட கருத்து. இன்று குமரி மாவட்டத்திலுள்ள அவ்வூரிலிருந்து வங்கத்துக்கும், அங்கிருந்து கடல் கடந்தும் சென்ற சொற்கள், மேற்கத்தியத் தந்தியிசைப் பின்னணியுடன் இந்தியாவிலுள்ள இஸ்கான் கோயில்களிலும் நாள்தோறும் காலையில் ஒலிக்கின்றன. இதில் எவர் குரல் அசல், எவர் குரல் நகல்?

பக்தி இயக்கத்தை ஆராயும் மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். பாடலின் பனுவலோடு நின்றுவிடாதீர்கள். அது எந்த எழுத்தில் எழுதப்பட்டது, எவர் முன்பாடினார், திருப்பிப் பாடியவருக்கு அப்பாடலைச் சூழ்ந்த எவையெல்லாம் தெரிந்திருந்தன என்பவற்றையும் குறித்துக்கொள்ளுங்கள். அசலா போலியா என்னும் வழக்கைவிட அந்தக் குறிப்புகள் நமக்கு மிகுதியாகச் சொல்லும்.