மண்ணைப் படம் எடுத்தவர்

நெய்வேலி என்றால் நிலக்கரி. 1956-ல் நிறுவனம் வந்தது. சுரங்கத்துக்காகக் கிராமங்கள் காலியாயின. அதே வட்டாரத்துப் பத்திரக்கோட்டையில், முந்திரிக்கும் பலாவுக்கும் நடுவே வளர்ந்தவர்தான் தங்கர் பச்சான்!

'காதல் கோட்டை' (1996), 'பாரதி' (2000) ஆகியவற்றில் அடுத்தவர் கதைக்கு ஒளிப்பதிவு செய்தார். 2002-ல் தன் சிறுகதையையே 'அழகி'யாக்கினார். இயக்கமும் கேமராவும் அவரே. பேர்தான் 'அழகி', பளபளப்பு பூசாத கறுத்த முகம்தான் நாயகி. 2007-ல் வந்த 'ஒன்பது ரூபாய் நோட்டு' ஒரு கிழவிவசாயியின் கதை. அதிலும் முந்திரிக்காடு வெறும் பின்னணி இல்லை. அதுவும் ஒரு பாத்திரம்.

2023-ல் அதே கடலூர் மாவட்டத்து வளையமாதேவியில், சுரங்க நிறுவனத்தின் கால்வாய்க்காக விளைந்துநின்ற நெல்மீதே எந்திரம் ஓடியது. நிலம் போகலாம். அது எப்படி இருந்ததென்று பேரப்பிள்ளைகள் கேட்டால்? காட்டுவதற்குப் படம் இருக்கிறது.