மதங்கி, மாதங்கி, மாயா

கங்கைகொண்டானில் ஓடுவது சிற்றாறு. ஊர்ப்பெயரில் இருப்பது கங்கை. முதலாம் இராசேந்திர சோழனின் விருதுப்பெயர் நெல்லைச் சீமைவரை வந்து ஊர்ப்பெயராக நின்றுவிட்டது. வென்றவன் பெயர் எளிதில் கல்வெட்டில் ஏறிவிடும். ஊரை இழந்தவர்கள் கொண்டுபோகும் பெயர்களை அவர்களேதான் ஆடியும் பாடியும் காப்பாற்ற வேண்டும். மாதங்கி அப்படி ஒரு பெயர்.

பாடகி மாதங்கி அருள்பிரகாசம் 1975இல் இலண்டனில் பிறந்தார். ஆறுமாதக் குழந்தையாக யாழ்ப்பாணம் போனார். போர் மூண்டபின், 1980களின் நடுவில் தாயோடு அகதியாக இலண்டனுக்கே திரும்பினார். நுண்கலையும் திரைப்படமும் படித்தார். மேடையில் அவர் பெயர் எம்.ஐ.ஏ. போர்க்களத்தில் காணாமற்போனவர்களைப் படையினர் குறிக்கும் எழுத்துச் சுருக்கம் அது. வீட்டில் மாயா.

அவர் பாட்டும் ஆட்டமும் ஓவியமும் புலம்பெயர்வைத்தான் பேசுகின்றன. ஆனால் பெற்றோர் வைத்த பெயருக்குள்ளேயே அந்தக் கதை ஏற்கெனவே இருந்தது என்பது என் எண்ணம்.

வடமொழியில் 'மாதங்கம்' யானை. ஊருக்குப் புறத்தே ஒதுக்கப்பட்ட மக்களையும் அச்சொல்லாலேயே அழைத்தார்கள். தசமகாவித்யைகள் எனும் பத்துத் தேவியரில் ஒருத்தியான மாதங்கி வீணை ஏந்தியவள். எச்சில் சோற்றையும் படையலாக ஏற்பவள். மற்றத் தெய்வங்களுக்குத் தீட்டானது இவளுக்கு உகந்தது. மதுரை மீனாட்சியையும் மாதங்கி என்று துதிப்பதுண்டு.

தமிழில் இச்சொல் கலைஞர்களைச் சேர்ந்தது. பாணர்க்கு மதங்கர் என்றும் பெயர். கலம்பகம் என்னும் சிற்றிலக்கியத்தின் உறுப்புகளில் மதங்கியார் ஒன்று: இரு கைகளிலும் வாள் சுழற்றி ஆடும் இளம்பெண்ணைப் பாடுவது. திருநீலகண்ட யாழ்ப்பாண நாயனாரின் மனைவி பெயர் மதங்கசூளாமணியார். நாயனார் கோயில்களுக்கு வெளியே நின்றே யாழ் இசைத்தார். திருவாரூரில் அவருக்காக வடதிசையில் தனிவாயில் திறந்ததாகச் சேக்கிழார் சொல்கிறார். யாழை வரவேற்றார்கள், பாணரை வாசலில் நிறுத்தினார்கள். அந்த வலியைப் பெரியபுராணம் மறைக்கவில்லை.

ஈழத்திலும் இச்சொல்லுக்கு வேர் உண்டு. யாழ் இசைத்த பாணன் பரிசாகப் பெற்ற மண் என்பதால் யாழ்ப்பாணம் என்று ஒரு கதை வழங்குகிறது. காரைதீவில் பிறந்த விபுலாநந்த அடிகள் 1926இல் தம் நாடக நூலுக்கு வைத்த பெயர் 'மதங்க சூளாமணி'. சேக்சுபியரைச் 'செகசிற்பியார்' என்று தமிழில் அழைத்து, அவருடைய நாடகங்களை நம் நாடக இலக்கணத்தோடு வைத்து ஆராய்ந்த நூல் அது. இலண்டனின் நாடக ஆசிரியரைப் பாணர்மகளின் பெயருக்குள் அழைத்துவந்த அடிகளின் துணிவு எனக்கு மிகப் பிடிக்கும்.

மாதங்கியின் முதல் இசைத்தொகுப்பு 2005இல் வந்த 'அருளர்', தந்தையின் இயக்கப்பெயர். 2007இல் 'கலா', தாயின் பெயர். அதற்காகச் சென்னைக்கு வந்து உருமி மேளக்காரர்களை வைத்து ஒலிப்பதிவு செய்தார். நெல்லைக் கொடைவிழாக்களில் மேளம் கேட்டு வளர்ந்தவர்களுக்கு அந்த அதிர்வு அந்நியமாகப் படாது. 2010இல் 'மாயா'. 'மாதங்கி' என்ற தம் இயற்பெயருக்கு வர 2013 ஆயிற்று.

அந்தத் தொகுப்பின் தலைப்பை ஆங்கில எழுத்தில் பார்த்தால் ஒரு வேறுபாடு தெரியும். அவர் தம் பெயரை எழுதும்போது தமிழர் வழக்கப்படி 'டி'யை அடுத்து 'எச்' வரும். தலைப்பில் அந்த 'எச்' இல்லை. தேவியின் பெயரை வடமொழி நூல்களுக்கான ஆங்கில எழுத்துமுறையில் எழுதும் விதம் அது. தமிழில் இரண்டுக்கும் ஒரே எழுத்துகள்தான்: மாதங்கி.