பாய்ம இயக்கவியல் பாடநூல்கள்: லாம்ப் முதல் பாச்சிலர் வரை

நீர், காற்று முதலிய பாய்மங்களின் இயக்கத்தைக் கணிதவழி ஆராயும் துறை பாய்ம இயக்கவியல் ஆகும். இத்துறையின் உயர்நிலைப் பாடநூல்களுள் நெடுங்காலம் முதலிடம் பெற்றிருந்தது ஹொரேஸ் லாம்ப் (1849–1934) எழுதிய 'ஹைட்ரோடைனமிக்ஸ்' என்னும் நூலாகும்.

கேம்பிரிட்ஜில் பயின்ற லாம்ப், 1876ஆம் ஆண்டு ஆஸ்திரேலியாவின் அடிலெய்டு பல்கலைக்கழகத்தில் கணிதப் பேராசிரியரானார். அங்கிருந்தபோது 1879இல் நூலின் முதல் வடிவம் வெளிவந்தது. 1895இல் விரிவாக்கப்பட்டபோதுதான் இன்றைய பெயரைப் பெற்றது. ஆறாம் பதிப்பு 1932இல் வந்தது. 700 பக்கங்களைத் தாண்டிய அப்பதிப்பே இன்றும் மறுஅச்சாகி வருகிறது.

லாம்பின் நூல் பெரும்பாலும் பிசுக்குமை இல்லாத கருத்தியல் பாய்மத்தைப் பற்றியது. பன்னிரண்டு இயல்களில் பதினோராவதுதான் பிசுக்குமைக்கு உரியது. ஆனால் அத்தகைய பாய்மத்தில் சீரான வேகத்தில் செல்லும் பொருளுக்கு எவ்விதத் தடையும் இராது என்பது கணக்கின் முடிவு. 18ஆம் நூற்றாண்டில் டாலம்பேர் கண்ட இம்முரண்பாடு, படகு செலுத்துபவர் எவரும் அறிந்த உண்மைக்கு மாறானது. இதனால் கணித வல்லுநரும் பொறியாளரும் வெவ்வேறு வழியில் செல்ல நேர்ந்தது.

1904இல் ஹைடல்பெர்க் நகரில் நடந்த கணித மாநாட்டில் ஜெர்மானியப் பொறியாளர் லுட்விக் பிராண்டில் இதற்கு விடை கூறினார். பிசுக்குமை மிகச் சிறிதாயினும், திண்மப் பரப்பை ஒட்டிய மெல்லிய எல்லைப் படலத்தில் அதன் விளைவைப் புறக்கணிக்க இயலாது; அப்படலம் பரப்பைவிட்டுப் பிரிவதால் பெருந்தடை உண்டாகிறது என விளக்கினார்.

இக்கருத்தைப் பாடத்திட்டத்தின் நடுவில் வைத்தவர்களுள் ஆஸ்திரேலியாவில் பிறந்த ஜார்ஜ் பாச்சிலர் (1920–2000) குறிப்பிடத்தக்கவர். கேம்பிரிட்ஜில் ஜி. ஐ. டெய்லரிடம் ஆய்வு செய்த இவர், 1967இல் 'பாய்ம இயக்கவியலுக்கு ஓர் அறிமுகம்' என்று பொருள்படும் தலைப்பில் ஆங்கில நூல் ஒன்றை வெளியிட்டார். ஏழு இயல்கள் கொண்ட அந்நூலில் பிசுக்குப் பாய்மம் நான்காம் இயலிலேயே வருகிறது. சுழிப்பற்ற ஓட்டம் ஆறாம் இயலுக்குத் தள்ளப்பட்டுள்ளது. உண்மையான ஓட்டங்களின் ஒளிப்படங்களும் இடம்பெற்றுள்ளன.

இந்த வரிசை மாற்றத்தின் பயன் பெரிது. கருத்தியல் பாய்மக் கணக்கு எங்கே பொருந்தும், எங்கே பொருந்தாது என்பதை அறிந்த பின்னரே மாணவர் அதைக் கற்கிறார். எனினும் அலைகள், ஓதங்கள் பற்றிய லாம்பின் இயல்களை ஆய்வாளர்கள் இன்றும் நாடுகின்றனர்.